வெளிச்சத்துக்கு நிற்பவள்

அஜ்மான், அல் ஜுர்ஃப் தொழிற்பேட்டை.
ஓட்டல் விரிப்புகள் வெளுக்கும் எங்கள் லாண்டரியை
ஒரு ஞாயிற்றுக்கிழமைக்கு மட்டும்
சினிமாக்காரர்கள் வாடகைக்கு எடுத்திருந்தார்கள்.
நாயகி கேரவனில் இருந்தாள்.
அவள் உயரத்தில் ஓர் ஆள் வேண்டுமாம்,
லைட் வைக்கும்வரை நிற்பதற்கு.
சூப்பர்வைசர் பினோய் என்னைத் தள்ளிவிட்டான்.
நூற்றைம்பது திர்ஹம், சாப்பாடு தனி.

தரையில் நீல டேப்பால் ஒரு பெருக்கல் குறி.
அதன்மேல் நான்.
கன்னத்துக்குப் பக்கத்தில் மீட்டரை நீட்டி
ஏதோ எண் சொன்னான் ஒரு பையன்,
காய்ச்சல் பார்ப்பதுபோல.

மானிட்டருக்குப் பின்னால் மேகலை இருதயராஜ்.
எங்கள் வீட்டு டிவியில்
அவர் அழுது எத்தனை தடவை பார்த்திருக்கிறேன்.
ஆஸ்பத்திரிப் படிக்கட்டில் மூன்றரை நிமிடம்,
ஒரு வெட்டும் இல்லாமல்.
அந்த அழுகைக்குத்தான் டெல்லியில் பதக்கம் கொடுத்தார்கள்.
அப்புறம் வந்த படங்களிலெல்லாம்
யாராவது செத்தார்கள்,
அவர் அழ வேண்டுமே என்று.

இது அவர் இயக்கும் முதல் படம்.
நாற்காலி முதுகில் 'இயக்குநர்' என்று அச்சடித்திருந்தது.
அதில் அவர் உட்காரவே இல்லை.
யாரோ குடையை வைத்திருந்தார்கள்.

ஊரிலிருந்து வந்த சேதியைப் போனில் படிக்க வேண்டும்,
பிறகு விரிப்பு மடிக்க வேண்டும்.
அவ்வளவுதான் காட்சி.
நாயகி கிளிசரின் கேட்டாள். கிடையாது என்றார்.
கிளிசரின் இல்லாமலே அழுதாள்.
நன்றாகத்தான் அழுதாள்,
ட்ராலி தள்ளுகிற பையன் மூக்கை உறிஞ்சினான்.
கட்.
அழாதேம்மா.
கட்.
ஏழாவது டேக் முடிந்து
அவள் காதோரம் போய்ச் சொன்னார்,
எனக்குக் கேட்டது:
"எனக்கு இதுக்குத்தான் பரிசு கொடுத்தாங்க.
பதினெட்டு வருஷம் வேற எதுக்குமே கூப்பிடலை."

மேக்கப் சரிசெய்ய அவள் உள்ளே போனாள்.
நான் மறுபடி பெருக்கல் குறிக்கு.
சும்மா நின்று எனக்குப் பழக்கமில்லை.
குவியலிலிருந்து ஒன்றை உருவினேன்.
உதறி,
பாதி, பாதியில் பாதி,
ஓரத்தை உள்ளங்கையால் நீவி
நெஞ்சோடு ஒருமுறை அணைத்து அடுக்கில் வைத்து
அடுத்தது.
பதினைந்து போயிருக்கும்.
ஏசியைக்கூட நிறுத்தியிருந்தார்கள் என்பது
அப்போதுதான் உறைத்தது.
கேமராவில் சிவப்புப் புள்ளி.

அவர் எழுந்து வந்தார்.
"என்ன நினைச்சுக்கிட்டே மடிச்சே?"
சொன்னேன்.

எட்டு மாதம் கழித்து ஷார்ஜாவில் ஒரு மால்,
வியாழன் இரவுக் காட்சி,
எங்கள் மூவரையும் சேர்த்துப் பதினோரு பேர்.
நாயகியின் முகம் சேதியைப் படித்தது.
அடுத்த ஷாட்டில்
என் கைகள்.
இடது மணிக்கட்டில் இஸ்திரிச் சூடு
பிறை மாதிரி. அழிக்காமல் விட்டிருந்தார்கள்.
"என் கைடீ" என்றேன்.
"படத்தைப் பாரு" என்றாள் சில்வியா.

எல்லாரும் போன பின்னும் உட்கார்ந்திருந்தேன்.
துடைப்பத்தோடு ஒரு பங்களாதேஷ்காரர்
வாசலில் பொறுத்திருந்தார்.
பெயர்கள் ஏறி ஏறிப் போய்
கடைசிக்கு முந்தி வந்தது:
கைகள் - பெர்னாட்.
பெர்னதெத் என்று எழுதிக் கொடுத்திருந்தேன்.
போகட்டும், ஆணாகிவிட்டேன்.

போன வாரம் நாயகிக்கு விருது.
லாண்டரியில் போனைச் சோப்பு டப்பாவில் சாய்த்துப் பார்த்தோம்.
ஒரு தலைமுறையின் காத்திருப்பையே
விரல்களில் கொண்டுவந்துவிட்டாராம்,
நடுவர்கள் எழுதியிருந்ததை வாசித்தார்கள்.
மேகலைக்கு ஒன்றும் இல்லை.
மூன்றாம் வரிசையில் இருந்தார்.
கேமரா அவர் முகத்திலேயே கொஞ்ச நேரம் நின்றது,
அழுவார் என்று.
ஏமாந்து திரும்பியது.

அன்றைக்கு அவர் கேட்டதற்கு நான் சொன்னது:
"நாலரை பஸ்ஸை விட்டா
அடுத்தது ஆறுக்குத்தான், மேடம்."
வாய்விட்டுச் சிரித்தார்.
அந்தச் சிரிப்பை எந்தப் படத்திலும் நான் பார்த்ததில்லை.
வண்டி சொல்கிறேன் என்றார்.
வண்டி வரவில்லை.
ஆறு மணி பஸ்ஸும் அன்றைக்குத் தாமதம்.