பழுப்பு கிரேயான்

ததேயோ வரைந்த வீட்டுக்குக் கதவில்லை.
ஜன்னல் உண்டு, புகைபோக்கி உண்டு,
கூரைமேல் பூனை மாதிரி ஒன்று.
கதவு மட்டும் இல்லை.

விவியானா டீச்சர் தாளை
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள்,
எக்ஸ்ரே பார்ப்பதுபோல.
"அவன் அப்பா போய் எவ்வளவு நாளாச்சு?"
லோரேனா மூக்கை உறிஞ்சினாள்.
"மார்ச்சிலிருந்து."

வியாழக்கிழமை அந்தப் படம்
கோரியென்தெஸ் சாலைக்குப் போயிற்று,
டாக்டரம்மாவிடம், ஐம்பது நிமிடத்துக்கு.
அந்த அம்மா விளக்கம் ஒன்றும் தரவில்லையாம்.
"கதவு" என்று மட்டும் திருப்பிச் சொன்னாராம்.
லோரேனாவுக்கு அழுகை வந்துவிட்டதாம்.
மறுநாள் சமையலறையில்
மாத்தே ஆறிப்போகும்வரை சொல்லிக்கொண்டிருந்தாள்.

புவனோஸ் ஐரெஸ் இப்படித்தான்.
டாக்சிக்காரன்கூட சிக்னலில் நின்று
ஆழ்மனம் பற்றிப் பேசுவான்.
பிள்ளை பொம்மையின் கையை முறுக்கினால்
ஊசிநூல் தேட மாட்டார்கள்.
யாருடைய கை அது என்று கேட்பார்கள்.

நான் அந்த வகுப்பைப் பெருக்குகிறவள்.
அதே வெள்ளிக்கிழமை சாயங்காலம்
ஹீட்டருக்குப் பின்னால்
பழுப்பு கிரேயான் அகப்பட்டது,
முழுசாக, தூசி போர்த்தி.
சிரித்துவிட்டேன்.
ஏப்ரன் பைக்குள் போட்டுக்கொண்டேன்.

பஸ்ஸில் சிரிப்பு அடங்கியது.
சாக்கோவில், ஆறு வயதில்,
நான் படுக்கையை நனைத்த காலைகளில்
அம்மா மெத்தையை வெயிலில் போடுவாள்,
மெத்தையோடு என்னையும்.
தெருவே பார்க்கும்.
ஏன் என்று ஒருத்தரும் கேட்டதில்லை.
கேட்டிருந்தால் சொல்ல ஒன்று இருந்தது.
அது என்ன என்று
இப்போது எனக்கே தெரியவில்லை.

உடனே திருப்பி வைத்திருக்கலாம்.
சனி, ஞாயிறு, திங்கள்
பைக்குள்ளேயே கிடந்தது,
விரல்பட்டு விரல்பட்டு முனை மழுங்கியது.
செவ்வாய்க்கிழமைதான் பெட்டியில் போட்டேன்.
ததேயோ எடுத்தான்.
கதவு போடவில்லை.
பூனைக்கு மீசை போட்டான், மூன்று ஜோடி.
மீதியைக் கடித்துப் பார்த்துத் துப்பினான்.

டீச்சரிடம் நான் எதுவும் சொல்லவில்லை.
எல்லாரும் போன பிறகு
துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு
அந்தத் தாளை எடுத்தேன்.
ஜன்னலோரம் ஜூன் மாதத்து மங்கல் வெயில்.
நானும் அதை
வெளிச்சத்தில் பிடித்தேன்.