முப்பது விநாடி

ஸாக்ரெப்பில், ட்ராம் திரும்பும் மூலையில் மூன்றாம் மாடி.
ஜன்னலுக்குக் கறுப்புத் துணி.
மணிக்கு நாலு முறை மேசை நடுங்கும்.
அப்போது மட்டும் வெட்டமாட்டேன்.

முதல் வேலை பல் துலக்குவது பற்றிய படம்.
ஒன்பது நிமிடம்.
அந்தப் பையன் கடைசிவரை சிரிக்கவேயில்லை;
வேறொரு பையனின் பற்களை ஒட்டினேன்.
பிள்ளை அழகாகச் சிரித்தானென்று
அவன் அம்மா தொலைபேசியில் நன்றி சொன்னாள்.

பிறகு குதிரைப் படங்கள்.
பணம் ஜெர்மன்காரர்களுடையது,
எங்கள் சுண்ணாம்பு மலைகள் அரிசோனாவாயின.
விழத் தெரிந்த குதிரை ஒன்றுதான்.
மூன்று படங்களில் விழவைத்தேன்,
ஒருமுறை இடம் வலம் மாற்றி.
யாரும் கேட்கவில்லை.

சிரிப்புப் படத்தில் இரண்டு ஃபிரேம் முந்தவேண்டும்.
பேய்ப் படத்தில் ஆறு பிந்தவேண்டும்.
காதலில் எத்தனையென்று இன்றுவரை தெரியாது.
ஸ்லாவ்கோ என்னைவிட்டுப் போன வருடம்
எல்லாமே குட்டையாக வந்தன.
"முத்தம் எங்கே?" என்றார் இயக்குநர்.
கூடையில் என்றேன்.
தேடி எடுத்தோம்,
அதன்மேல் காப்பிக் கறை.

ஒவ்வொரு படத்திலும் ஒன்றை மட்டும் திருடுவேன்:
காட்சி முடிந்ததும் ஒலிப்பதிவாளர்
"யாரும் அசையாதீங்க" என்று நிறுத்திப் பதிகிற
வெறும் அறையின் ஓசை. அரை நிமிடம்.
பிஸ்கட் டப்பாக்களில்
நூற்றுப் பதினேழு அமைதிகள் வைத்திருந்தேன்.
சுரங்கத்தினுடையது சொட்டும்.
மாதா கோயிலினுடையது தன்னைத்தானே கேட்டுக்கொள்ளும்.
எழுபத்து நாலில் ஒரு சமையலறை:
கதாநாயகனின் கால்சட்டை
அந்த நொடிதான் கிழிந்திருந்தது.
முப்பது பேர் சிரிப்பைப் பல்லால் கடித்து நிற்கிறார்கள்.
உற்றுக் கேட்டால் ஒரு மூக்கு மட்டும்
காற்றை விட்டுவிடும்.
யாத்ரங்கா. அதைத் தைத்தவளும் அவள்தான்.

தொண்ணூற்றொன்று, டிசம்பர்.
மேலங்கிக்குள் கேசட்டோடு ஒருவன் வந்தான்.
கிழக்கே ஏதோ ஊர். கூரையில்லாத வீடு.
அடுப்பெதிரே ஒரு பெண்,
கையில் மூடி இருக்கிறது,
பானை இல்லை.
மைக் கம்பி அறுந்து ஒலியே பதியவில்லை.
அப்படியே ஊமையாக விட்டால்
டிவி கெட்டதென்று எழுந்து போய்விடுவார்கள்.

எதில் சேர்த்தி இது?
முந்துவதா, பிந்துவதா?
கத்தரியை வைத்துவிட்டேன்.
ஐம்பது விநாடி, அவள் நின்றபடி நின்றாள்.
அடியில் டப்பாக்களை ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன்.
சுரங்கம் பொய் சொன்னது.
மாதா கோயில் அழு அழு என்றது.
விடிகாலை நாலரைக்கு
அந்தச் சமையலறை அப்படியே போய் உட்கார்ந்தது.
நீளம் போதவில்லை,
ஒட்டுத் தெரியாமல் இன்னொரு தரம் ஓடவிட்டேன்.

இரவுச் செய்தியில் போயிற்று.
வெளியூர் விழாவொன்றில்
போரின் அசல் மௌனம் இதுவென்று யாரோ எழுதினார்கள்.
தலையாட்டிக்கொண்டேன்.

புது வருடம் கழித்து ஸ்ப்ளிட்டிலிருந்து அழைப்பு.
"லியெர்க்கா, ரெண்டு தடவை வருதே,
அது என் மூக்குதானே?"

ஆமாம் என்றேன்.

அவள் வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை.
வெளியூர்க் கட்டணம் ஓடிக்கொண்டிருந்தது.