சோணை

ஆஸ்பத்திரிப் பின்கட்டில் எனக்கொரு மேசை.
பிளாஸ்டர் தூள், மெழுகு, முரசின் நிறத்தில் ஒரு பசை.
யன்னலில் மான் ஒன்று, துரத்தினாலும் போகாது.
இன்றைக்கு மூதூர் உதுமாலெவ்வை காக்காவின் மேல்வரிசை.
கரைக்கும்போது கை தானாகவே
தண்ணீரில் தூளைத் தூவுகிறது,
தூளில் தண்ணீரை ஊற்றுவதில்லை.
அது மியூரியல் பாஸ்கோவின் கை.

நேவிக் கணக்கர் ஒருவரின் மனைவியாக வந்தவள்.
கல்லுக் கொத்தப் படித்தவளாம் என்று
கடைத்தெரு ஒரு கிழமை சிரித்தது.
கிளப்பில் வைக்க அட்மிரலின் தலையைக் கேட்டார்கள்.
செய்து கொடுத்தாள்:
வெயிலில் தோலுரிந்த மூக்கு,
கண்ணுக்குக் கீழே நித்திரையில்லாத பை.
சாக்கில் கட்டித் திருப்பி அனுப்பினார்கள்.
அதற்குப் பிறகுதான்
கன்னியர் மடத்துக்குப் புதன்கிழமைகளில் வந்தாள்.

தம்பலகாமத்து வயல்மண், மாட்டுவண்டியில்,
நெல்வேரும் நத்தையுமாய்.
முதல் நாள் அப்பிள் செய்யச் சொன்னாள்.
அப்பிளை நாங்கள் எங்கே கண்டோம்?
தவமலர் செய்தது விளாம்பழம்.
றஹ்மத்தும்மா செய்தது விளாம்பழத்தில் பாதி.
சுற்றிவந்து பார்த்தாள்.
"பிழை என்ர" என்றாள்.
அவள் வாயில் நான் கேட்ட முதல் தமிழ் அது.

பிறகு ஒரு கச்சான் காலம் முழுக்க
என் காதைச் செய்தாள்.
முகம் வேண்டாமாம்.
இடது காது,
தோடு இழுத்துக் கிழிந்து தையல் போட்ட சோணை.
மயிரை இழுத்து மூடுவேன்,
ஈரக்கையால் ஒதுக்குவாள்,
என் கழுத்தில் சேறு காயும்.
மணிக்கு ஐம்பது சதம்.
அம்மா எண்ணி வாங்கினாள்.

ஐம்பத்தேழில் துறைமுகத்தில் கொடி இறங்கியது.
அவள் கப்பலேறியபோது கூடப் புருஷன் இல்லை,
அது வேறு கதை.
இரண்டு பெட்டி, ஒரு சாக்கு.
சாக்குக்குள் அட்மிரலா, என் காதா,
கஸ்டம்ஸ்காரன் தட்டிப் பார்த்துவிட்டு விட்டுவிட்டான்.

பதினாலு வருசம் கழித்து ஒரு படம் வந்தது.
ஏதோ ஒரு மழை ஊர், பஸ் நிலையத்துக்கு எதிரே
கல்லில் ஒரு பெண், எட்டடி.
மூக்கு அவர்கள் மூக்கு,
தாடை அவர்கள் தாடை,
இடது சோணையில் தையல்.
பின்புறம் மூன்று வரி:
பொடியன்களுக்கு இரவு வகுப்பு எடுக்கிறேன்.
பெரிய வேலை என்று எனக்குக் கிடைத்தது இது ஒன்றுதான்.
காது நன்றாக வந்திருக்கிறது.

என்னைக் கேட்டாளா?
இரண்டு நாள் படத்தைக் கவிழ்த்தே வைத்திருந்தேன்.
மூன்றாம் நாள் கண்ணாடி முன்னால்
மயிரை ஒதுக்கினேன்.
இருபது வருசம் நான் மூடி வைத்தது
அங்கே நடுத்தெருவில் நிற்கிறது,
புறா எச்சத்தோடு.

உதுமாலெவ்வை காக்கா
கலியாணப் படத்தைக் கொண்டுவந்து காட்டிவிட்டுப் போனார்.
சிரிப்பில் முன்பல் ஒன்று கோணல்.
டொக்டர் அட்டையில் எழுதியிருப்பது: நேர்வரிசை.

மெழுகைச் சூடாக்குகிறேன்.
அந்த ஒன்றைக் கொஞ்சம் திருப்புகிறேன்.
இன்னும் கொஞ்சம்.

நாலு மணிக்கு வருவார்.
"கடியுங்கோ" என்பேன்.