பன்னிரண்டாவது ஆள்

ஒப்பந்தத்தில் என் உயரம் ஆறடி மூன்று.
காலணியோடு அளந்தது.
கிளமெண்டி வீட்டு வாசல் நிலைக்குத்தான்
உண்மை தெரியும்.

சட்டை முதுகில் சத்தியசீலன் அடங்கவில்லை.
சீலன் என்று வெட்டினார்கள்.
அறிவிப்பாளர் அதையும் சீலான் என்பார்.
பிலிப்பீன்ஸ்காரன் என்று நினைத்து
ஒரு மூலை மட்டும் கைதட்டும்.

ஆறு சீசன்.
பெரும்பாலும் பெஞ்சு.
நாலு தண்ணீர் பாட்டில் தள்ளி ஜுன் ஹோங்;
கடிகாரத்தை
ஆளுக்கொரு மொழியில் திட்டுவோம்.

பாங்காக்கில் ஒரு ராத்திரி
ஐந்து ஃபவுலில் ஒவ்வொருவராக வெளியேற
கடைசி ஆறு வினாடி
பந்து என் கையில்.
விழுந்தது.
எப்படி என்று கேட்காதீர்கள்,
கண்ணை மூடியிருந்தேன்.

மார்ச்சில் மின்னஞ்சல் வந்தது.
இரண்டே வரி.
முதல் தடவையாக
முழுப் பெயரும்,
எழுத்துப்பிழை இல்லாமல்.

இப்போது துவாஸில் கிடங்கு வேலை.
மேல்தட்டுப் பெட்டி என்றால்
என்னைத்தான் கூப்பிடுவார்கள்.
ஏணி இருக்கிறது, சுவரில் சாய்ந்தபடி.
நான் குதித்துத்தான் எடுக்கிறேன்.

மறுநாள் முட்டி பேசும்.
பேசட்டும்.
அதற்காவது
ஆடிய நேரமெல்லாம் ஞாபகமிருக்கிறது.