உதட்டுக்கு உரை

தாண்டவராயன் பேசின முதல் படம்
மலைரயிலில் குன்னூர் வந்தது,
கோழிக்கூடைகளுக்கும் ஊட்டிக்குப் போகிற
பியானோ ஒன்றுக்கும் நடுவே.
பெட்டியை இறக்கியவன் நான்தான்.
எமனுக்குக் கூலி வாங்காமல் மூட்டை தூக்கினவன் என்று
கீழ்பஜாரில் ரொம்பநாள் சிரித்தார்கள்.

பகலில் தபாலாபீஸ் முத்திரை.
ராத்திரி கொட்டகையில், திரைக்கு இடப்பக்கம்
பிரம்போடு நிற்பேன்.
ஊமைப் படத்துக்கு வாய் நான்.
ராஜாவுக்கு அடிவயிறு, ராணிக்கு மூக்கு,
அரக்கனுக்குத் தகரக் குவளை.
கூடாரத்தில் மழை அறைந்தால்
எல்லாருக்கும் ஒரே கத்தல்.

தாண்டவராயன் ராஜா இல்லை.
ராஜாவுக்குப் பின்னால் மூன்றாவது ஈட்டி.
ஒரு தடவை மந்திரி, அதுவும் பாதியில் விஷம்.
பதினோரு படங்களில் ஒன்பது முறை செத்தான்.
அவன் சொன்னதற்கு எழுத்து அட்டை
எந்தக் கம்பெனியும் போட்டதில்லை,
ஆகவே அவன் எனக்கு.

கிணற்றடியில் அம்பு பாய்ந்து சாய்வான்.
சாகுமுன் உதடு அசையும்,
சாகிறவனுக்கு ஆகாத நீளத்தில்.
நான் வைத்தேன்:
"தங்கச்சி கல்யாணத்துக்கு வாங்கின சேலை
குதிரைச் சேணத்துக்கு அடியில் இருக்கு.
ஈரம் படாம கொடுத்துடுங்க."
பிறகு அதையே படுகில் ஒரு தரம்.
முன்வரிசை மணலில் மூக்குறிஞ்சும் சத்தம்.
காட்டேரித் தோட்டத்துப் பெண்கள்
அந்தச் சாவுக்கென்றே
மறுநாளும் இரண்டணா கொடுத்தார்கள்.

அப்புறம் அந்தப் பெட்டி.
அரண்மனை. மூன்றாவது ஈட்டி ஓரடி முன்னே வந்தது.
"மகாராஜா, தூதுவர் வந்திருக்கிறார்."

மெல்லிசான குரல்.
அடுத்தவன் கடிதத்தை வாசிக்கிறவன் குரல்,
கொஞ்சம் ஜலதோஷத்தோடு.

கொட்டகை மொத்தமும் திரும்பி என்னைப் பார்த்தது.
"இது அவன் குரல் இல்லே!"
ரொட்டிக்கடை ஹாலன் எழுந்தே விட்டான்,
"அவன் குரல் இதோ உக்காந்திருக்கு!"
எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது,
ஒரு ராத்திரி முழுக்க.
காலையில் சாயபு என் கணக்கை முடித்தார்.

அவன் நிலைத்துவிட்டான்.
காவல்காரன், கணக்குப்பிள்ளை, ரயிலடி சிப்பந்தி.
படத்துக்கு ஒரு வரி, தீபாவளிப் படமென்றால் இரண்டு.
பாட வராது அவனுக்கு.
மற்றவர்கள் பாட, கதவோரம் நின்று
இருபது வருஷம் கேட்டுக்கொண்டிருந்தான்.
கேட்பதை அவ்வளவு நன்றாக நடித்தவன்
வேறு யாரும் இல்லை. இதை எழுதிப்போட
ஒரு பத்திரிகையும் இல்லை.

ஐம்பத்து மூன்றோ நான்கோ, தை மாத உறைபனி.
கேத்திப் புல்வெளியில் ஷூட்டிங் என்றார்கள், போனேன்.
பிணமாகக் கிடந்தான்.
மூக்கிலிருந்து வெள்ளையாக ஆவி.
"கட்! பிணம் புகையுது!"
வாயில் ஐஸ்கட்டி வைத்து
ஐந்தாம் டேக்கில் சாகடித்தார்கள்.

டீ கொண்டுபோய்க் கொடுத்தேன்.
நான்தான் உங்க பழைய குரல் என்றேன்.
பைத்தியமோ என்று பார்த்தான்.
கிணற்றடியை ஞாபகப்படுத்தினேன்.
அந்த நீளமான வாயசைவில்
நிஜத்தில் என்னதான் சொன்னீங்க?

டம்ளரைக் கன்னத்தில் ஒற்றி யோசித்தான்.
"முந்தின படத்துக்கு மூணு ரூபா பாக்கி.
அதை வைக்காட்டி சாகமாட்டேன்னு
டைரக்டர்கிட்ட சொல்லிட்டிருந்தேன்.
கைப்பிடி சுத்துறவன் நிறுத்தவே இல்லை."
கொடுத்தாரா?
"ரெண்டு கொடுத்தார். நீ என்ன சொல்லிவிட்டே?"

சேலையைச் சொன்னேன். சேணத்தை. தங்கச்சியை.
டீ ஆறிக்கொண்டிருந்தது.
"எனக்குத் தங்கச்சி கிடையாது" என்றான்.
கொஞ்சம் கழித்து,
"என்ன கலர்?"

கலரா?
இத்தனை வருஷத்தில் ஒருத்தரும் கேட்டதில்லை.
படம் கறுப்பு வெள்ளை, ஸ்வாமி.

ஆள் வந்து கூப்பிட்டான், க்ளோசப் பாக்கியாம்.
வேட்டியைச் சரிசெய்துகொண்டு
அதே பள்ளத்தைத் தேடிப் படுத்தான்.
"புல் ஈரமா இருக்கு" என்றேன்.
அதற்குள் ஐஸை வாயில் வைத்துவிட்டார்கள்.