அடிக்குறிப்பு எண் 61

மிச்சம் இருப்பது நாற்பத்து மூன்று விநாடி.
பதின்மூன்று வாரம் ஓடிய தொடர்.
ஒளிநாடா விலை அதிகமென்று
அதன் மேலேயே ஒரு பூப்பந்து இறுதியாட்டத்தைப்
பதிந்துவிட்டார்கள்.
ஆட்டம் சீக்கிரம் முடிந்துபோனதால்
நாடாவின் வாலில் ஒட்டிக்கொண்டது
என் முனைவர் பட்டம்.

கைதட்டல், கோப்பை, கொடி,
ஒரு கீறல்,
சட்டென்று விண்வெளி.

அங்காசாபுரி.
ஆகாயத்தை ஊராக்கி வைத்த பெயர்.
அந்தப் பெயர்ப்பலகையின் கீழ்
தினமும் பஸ் பிடித்தவர்களுக்கு
ராக்கெட் வேறு தேவைப்பட்டதா என்ன.
ஆனாலும் கட்டினார்கள்,
பின்பக்கத் தகரக் கொட்டகையில்.
தச்சர் ஆ கியோங்
உடைந்த ஐஸ்பெட்டியின் கதவைக்
கப்பலுக்கு மாட்டினார்.
கேரம் பலகையைச் செங்குத்தாய் நிறுத்தி
நான்கு குழியிலும் சிவப்பு பல்பு.
கிரகவாசிக்குப் பச்சை பூச மறுத்தாராம் ஒப்பனைக்காரர்:
கறுப்பு வெள்ளையில் பச்சை எதற்கு,
பாண்டான் சாறு வீண்.

செந்தூலில் ஒரு பழைய லாரி ஓட்டுநர்
பச்சைதான் என்று சத்தியம் செய்தார்.
"எங்க வீட்டுல கறுப்பு வெள்ளைப் பெட்டி.
ஆனா அவன் பச்சை."
பதிவு செய்துகொண்டேன்.
பத்துமலைப் பக்கம் ஒரு தாதி
கப்பல் கடைசியில் வெடித்தது என்றார்.
வெடிக்கவில்லை, இறங்கியது என்றார் அவர் தம்பி,
ஈப்போவில்.
அதையும் எழுதினேன்.
தலைப்பு அட்டை கிடைக்கவில்லை.
பெயரே மூன்று விதமாய்ச் சொல்கிறார்கள்.

அந்த நாற்பத்து மூன்று விநாடியில்
தலைவியாக நடித்த தவமலர் திரும்புகிறாள்.
திரையில் பூமி: பாதி நரைத்த ஒரு வட்டம்
(அப்பச்சட்டியின் அடிப்பக்கம் என்பது என் ஊகம்).
ஒரே இரைச்சல்.
உதடு ஒருமுறை மூடித் திறக்கிறது.
"அங்கே இன்னும் மழை பெய்கிறதா?"
யாரும் பதில் சொல்லவில்லை.
கோடுகள்.

இந்த ஒரு வரிக்குப் பதினொரு பக்கம்
எழுதியிருக்கிறேன். மூன்றாம் இயல்.
கப்பலேறி வந்தவர்களின் பேரப்பிள்ளைகள்
இன்னொரு கப்பலில் ஏறிக்கொண்டு
எந்த 'அங்கே'யைக் கேட்கிறார்கள்?
விட்ட கரையா, தொட்ட கரையா,
சட்டைப்பையில் கிடக்கும் சிவப்பு அடையாள அட்டையா?
மேற்பார்வையாளர் ஓரத்தில் கிறுக்கினார்:
மிக நன்று.

தவமலரை வங்சா மாஜுவில் பார்த்தேன்.
பதினான்காம் மாடி. மின்தூக்கி பழுது.
முப்பது வருடம் மாநகராட்சியில் தட்டச்சர்.
நடித்தது அந்த ஒன்றில்தான்.
என் மடிக்கணினியில் தன் முகத்தைப் பார்க்கவில்லை,
காலரைப் பார்த்தார்.
"இது எங்க அண்ணனோட சாரணர் சட்டை."
மறுபடி ஓட்டச் சொன்னார்.
பிறகு:
"அந்த வசனம் தாள்ல இல்லம்மா.
தகரக் கூரை. நாலு மணி மழை. காது கிழியுது.
திரும்ப எடுக்க நாடா கிடையாது.
விண்வெளியில ஏது மழைச் சத்தம்னு
பார்க்கிறவங்க கேட்பாங்கல்ல,
அதான் நானே கேட்டுட்டேன்."

பிஸ்கட் தட்டை என் பக்கம் நகர்த்தினார்.
எனக்குப் பதினொரு பக்கமும்
ஒவ்வொன்றாய்க் கண்ணில் வந்துபோயின.
"நல்லா இருந்துச்சா அப்ப?" என்றார்.
நல்லா இருந்தது என்றேன்.
பொய்யில்லை.

திரும்பும்போது ஓட்டுநர் இல்லாத ரயில்.
இதைக் காட்ட ஆ கியோங்குக்கு
எத்தனை ஐஸ்பெட்டி வேண்டியிருந்திருக்கும்.
முன் கண்ணாடியில் முதுகைச் சாய்த்து
ஒரு பையன் கைப்பேசியில் மூழ்கியிருந்தான்,
ஊர் முழுக்க அவன் பின்னால் விரிந்து வந்தது.
பதினொரு பக்கத்தையும் எடுக்கவில்லை.
அடிக்குறிப்பு அறுபத்தொன்றைத் திறந்தேன்.
'இரைச்சல்: நாடாவின் தேய்மானம்'
என்றிருந்ததை அழித்து
மழை என்று அடித்தேன்.
டாமாய் நிலையம் தாண்டி
சுரங்கத்துக்குள் நுழையும்வரை
கூரைமேல் கேட்டுக்கொண்டே வந்தது.