பதினான்காவது நிமிடம்

சட்டையின் மூன்றாவது பொத்தான்தான் கேமரா.
பேட்டரி நாற்பது நிமிடம் தாங்கும்.
மூச்சை அடக்கி நின்றால்தான் படம் ஆடாது.

பாலக்கோடு தக்காளி மண்டிக்குப் பின்னால்
அழுகல் நாறும் சந்து.
கோழித்தீவன மூட்டைகளுக்கு நடுவே ஒரு கட்டில்,
தலைமாட்டில் டிபன் தூக்கு உயரத்தில் இயந்திரம்.
பன்னிரண்டாயிரம்.
எண்ணி வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டாள் கோவிந்தி.
"வேணாம்னா தொப்பூர் தாண்டி ஆளு இருக்குது,
அதுக்குத் தனிக்காசு" என்றாள்
பெட்டிக்கு விலை சொல்லும் குரலில்.

என் மனைவியாக வந்த மாதேஸ்வரி
காரிமங்கலத்தில் தையல் கடை வைத்திருப்பவள்.
நிஜமாகவே ஐந்து மாதம்.
அக்காவை இப்படியொரு கட்டிலில் பறிகொடுத்தவள்.
வரும் வழியில் ஒரே நிபந்தனை போட்டாள்:
"அவன் சொல்றப்ப நான் காதைப் பொத்திக்குவேன்."

பொத்த முடியவில்லை.
ஒரு கை சேலையைப் பிடித்திருந்தது.
மறு கையை அவன் கட்டில் சட்டத்தோடு
அழுத்தி வைத்திருந்தான்.
பதினான்காவது நிமிடம், இருபதாவது நொடி.
ஒரே சொல்.

திரும்பும்போது ஆட்டோவை நிறுத்தச் சொல்லி
கால் கிலோ நாவல்பழம் வாங்கினாள்.
எனக்கும் நீட்டினாள்.
வேறொன்றும் பேசவில்லை.

சென்னையில் அவள் முகத்தை மங்கலாக்கினார்கள்.
அந்தச் சொல்லின் மேல் ஒரு பீப் வைத்தார்கள்,
சட்டம் அப்படி.
இரவு ஒன்பதுக்கு ஒளிபரப்பு.
விடிவதற்குள் அறைக்கு சீல்,
கோவிந்தி ஜீப்பில்.

"தைரியந்தான் சார்" என்று டீ ஆற்றிய மாஸ்டர்
காசு வாங்க மறுத்தார். பிறகு குனிந்து கேட்டார்:
"அது என்ன கொழந்தையாம்?"
வாக்குமூலம் எழுதிய ஸ்டேஷன் ரைட்டர்
பேனாவை மூடிக்கொண்டே கேட்டார்.
பாராட்ட அழைத்த சங்கச் செயலாளர்
பெண் கல்வி பற்றி ஐந்து நிமிடம் பேசிவிட்டுக் கேட்டார்.
என் அம்மா கேட்டாள்.
அதே சட்டைதான் போட்டிருந்தேன் அன்றைக்கும்.
பேட்டரியில் சார்ஜ் இல்லை.

அசலைப் போலீசில் கொடுத்தாச்சு என்கிறேன் எல்லோரிடமும்.
நகல் ஒன்று இருக்கிறது.
அதை இன்னும் அழிக்கவில்லை,
ஏன் என்று தெரியவில்லை.

நேற்று இரவு பதினொன்றரைக்குப் புது எண்.
மாதேஸ்வரியின் புருஷன்.
பின்னால் தையல் எந்திரம் ஓடிக்கொண்டிருந்தது.
"அண்ணே, அந்தச் சத்தம் வெக்காத வீடியோ
இருக்குங்களா உங்ககிட்ட?
கேட்டா இவ சொல்ல மாட்டேங்கறா."

நான் வாய் திறப்பதற்குள்
தையல் எந்திரம் நின்றது.